கால் விழுக்காட்டுக்கு அப்பால்: ரிசர்வ் வங்கி ஆளுநருக்கு ஒரு திறந்த மடல்

பெறுநர்: ஆளுநர் அவர்கள், இந்திய ரிசர்வ் வங்கி, மும்பை.

பொருள்: வீட்டுக்கடனின் நெடுங்காலச் செலவைக் கடன் பெறுவோர் முன்கூட்டியே அறிவதற்கான ஏற்பாடு குறித்து.

பெருமதிப்பிற்குரிய ஆளுநர் அவர்களுக்கு,

வீட்டுக்கடன் பெறுவோரின் நலன் கருதி ரிசர்வ் வங்கி எடுத்துள்ள நடவடிக்கைகள் பல. மாறும் வட்டிக் கடனை முன்கூட்டியே அடைப்பவரிடம் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012இல் ஆணையிட்டதும், வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டிக் கடன்களை 2019 அக்டோபர் 1 முதல் ரெப்போ (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி தரும் குறுங்காலக் கடனின் வட்டி) போன்ற வெளி அளவுகோலுடன் பிணைத்ததும், கடன் தீர்ந்து 30 நாளுக்குள் மூலப்பத்திரத்தைத் திருப்பித் தராத நிறுவனம் தாமதமாகும் ஒவ்வொரு நாளுக்கும் 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்று 2023இல் விதித்ததும் நடுத்தரக் குடும்பங்கள் நன்றியோடு நினைக்கத்தக்கவை. ஆயினும், கடன் ஒப்பந்தத்தில் கையெழுத்திடும் நாளில், அந்த வீட்டுக்காக மொத்தம் எவ்வளவு செலுத்த நேரும், எத்தனை ஆண்டு செலுத்த நேரும், எந்தச் சூழலில் அவ்விரு எண்களும் கைமீறிப் போகும் என்பவை கடன் பெறுபவருக்கு இன்றும் தெளிவாகச் சொல்லப்படுவதில்லை. அக்குறையைத் தங்கள் கவனத்துக்குக் கொண்டுவந்து, அதற்கு எளிய தீர்வுகள் சிலவற்றை முன்வைப்பதே இம்மடலின் நோக்கம்.

வட்டி வீதம் ஓராண்டுக்கான அளவு. வீட்டுக்கடனோ இருபது, முப்பது ஆண்டு நீளும் பொறுப்பு. 30 லட்சம் ரூபாய்க் கடனை 8.5 விழுக்காடு வட்டியில் 20 ஆண்டுக்கு வாங்கினால், இ.எம்.ஐ. எனப்படும் சமமான மாதத் தவணை ஏறத்தாழ 26,035 ரூபாய் ஆகும். தவணைத் தொகை மாதந்தோறும் ஒன்றாகவே இருந்தாலும், அதற்குள் வட்டியும் அசலும் வகிக்கும் பங்கு மாதந்தோறும் மாறுகிறது. முதல் மாதத் தவணையில் 21,250 ரூபாய் வட்டிக்குப் போக, 4,785 ரூபாய் மட்டுமே அசலில் கழிகிறது. ஐந்து ஆண்டுகளில் 15.62 லட்சம் ரூபாய் கட்டி முடித்த பிறகும் அசலில் குறைந்திருப்பது சுமார் 3.56 லட்சம்தான். அசல் பாதியாகக் குறைவதற்கு 13 ஆண்டு 10 மாதம் ஆகிறது. எஞ்சிய பாதி அதற்குப் பிறகான சுமார் ஆறே ஆண்டுகளில் தீர்ந்துவிடுகிறது. 240 தவணையும் கட்டி முடிக்கும்போது செலுத்திய தொகை 62.48 லட்சம், அதில் வட்டி மட்டும் 32.48 லட்சம்.

மீதமுள்ள அசலுக்கு வட்டி கணக்கிடும் எந்த முறையிலும் தவணை இவ்வாறே பிரியும் என்பதால் இதில் ஒளிவுமறைவு ஏதும் இல்லை. ஆனால், அசல் ஏறக்குறைய முழுதாக நிற்கும் முதல் ஐந்தாறு ஆண்டுகளில் வட்டி சற்றே ஏறினாலும் கடனின் ஆயுள் வெகுவாக நீண்டுவிடும் என்பது இக்கணக்கிலிருந்து பிறக்கும் உண்மை. கடன் பெறுவோருக்குச் சொல்லப்படாமல் விடுபடுவது இதுவே.

கேஎஃப்எஸ் என்று வங்கிகளில் வழங்கும் முக்கிய விவர அறிக்கையை 2024 அக்டோபர் 1 முதல் புதிய சில்லறைத் தவணைக் கடன்களுக்கு ரிசர்வ் வங்கி கட்டாயமாக்கியுள்ளது. வட்டியோடு செயலாக்கக் கட்டணம், காப்பீடு, சட்ட ஆய்வுக் கட்டணம் போன்ற செலவுகளையும் சேர்த்து ஆண்டுக்கு எத்தனை விழுக்காடு ஆகிறது என்று காட்டும் ஏ.பி.ஆர். என்ற ஆண்டு வீதமும், ஒவ்வொரு தவணையிலும் அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்று காட்டும் அட்டவணையும் அதில் இடம்பெறுகின்றன. மாறும் வட்டிக் கடனுக்கு மேலும் ஒரு வரி உண்டு: அளவுகோல் வட்டி 25 அடிப்படைப் புள்ளி மாறினால் தவணைத் தொகையும் தவணைகளின் எண்ணிக்கையும் எவ்வளவு மாறும் என்பதை அது காட்டுகிறது. அடிப்படைப் புள்ளி என்பது ஒரு விழுக்காட்டில் நூறில் ஒரு பங்கு. எனவே 25 புள்ளி என்பது கால் விழுக்காடு.

மேற்சொன்ன 30 லட்சம் ரூபாய்க் கடனுக்கு அந்த வரியை நிரப்பிப் பார்த்தால், வட்டி 8.75 விழுக்காடு ஆகும்போது தவணை 477 ரூபாய் கூடும் என்றோ, தவணைத் தொகை மாறாவிட்டால் சுமார் 12 மாதம் கூடுதலாகக் கட்ட நேரும் என்றோ தெரியவரும். படிப்பவருக்கு இது தாங்கக்கூடிய சுமையாகவே தோன்றும். ஒரு விழுக்காடு ஏறினால் இதன் நான்கு மடங்கு, அதாவது நான்கு ஆண்டு நீளும் என்று அவர் மனக்கணக்குப் போடுவதும் இயல்பு. அந்த மனக்கணக்கு தவறு. தவணைத் தொகை மாறாமல் வட்டி மட்டும் ஒரு விழுக்காடு ஏறினால் கூடுவது 69 தவணை. ஒன்றரை விழுக்காடு ஏறினால் கூடுவது 149 தவணை. 20 ஆண்டில் முடிய வேண்டிய கடன் 32 ஆண்டைத் தாண்டுவதோடு, செலுத்தும் மொத்தத் தொகையும் ஒரு கோடி ரூபாயைக் கடக்கிறது. இரண்டரை விழுக்காடு ஏறினால் முதல் மாத வட்டியே 27,500 ரூபாய் ஆகிவிடுவதால், 26,035 ரூபாய்த் தவணை வட்டிக்கே போதாமல், அந்தக் கடன் ஒருநாளும் தீராது. வட்டி படிப்படியாக ஏற, கடனின் ஆயுள் பாய்ச்சலாக ஏறுகிறது. கால் விழுக்காட்டுக்கான விளைவை மட்டும் காட்டும் வரி அந்தப் பாய்ச்சலைக் காட்டாமலே விட்டுவிடுகிறது.

இரண்டரை விழுக்காடு என்பது அச்சுறுத்துவதற்காகப் புனைந்த எண்ணும் அன்று. ரெப்போ வட்டி, 2022 மே தொடக்கத்தில் 4 விழுக்காடாக இருந்து, 2023 பிப்ரவரிக்குள் 6.5 விழுக்காடாக ஏறியது. பத்து மாதத்துக்குள் ஏறியது 250 புள்ளி; முக்கிய விவர அறிக்கை காட்டும் மாற்றத்தைப் போல் பத்து மடங்கு. வட்டி தாழ்ந்திருந்த காலத்தில் 6.75 விழுக்காட்டில் 20 ஆண்டுக்கு 30 லட்சம் வாங்கியவரின் தவணை சுமார் 22,811 ரூபாய். அவருடைய நிலுவை 29 லட்சமாக இருக்கும்போது வட்டி 9.25 விழுக்காட்டை எட்டியதாகக் கொண்டால், மாத வட்டி 22,354 ரூபாய் போக அசலுக்குச் சேர்வது 457 ரூபாய் மட்டுமே. அதே தவணையில் அக்கடன் தீர இன்னும் 42 ஆண்டுக்கு மேல் ஆகும். நாற்பது வயதில் கடன் வாங்கிய ஒருவரின் கடன் அவருடைய பணி ஓய்வைத் தாண்டி எண்பது வயதுக்கு அப்பாலும் நீளும் என்பதே இதன் பொருள்.

கடன் பெற்றவரின் முறையான ஒப்புதலும் தகவலும் இல்லாமல் தவணைக் காலம் அளவுக்கு மீறி நீட்டிக்கப்பட்ட நிகழ்வுகளைத் தன் ஆய்வில் கண்டதாக ரிசர்வ் வங்கியே 2023 ஆகஸ்டில் அறிவித்தது. அதே மாதம் வெளியான சுற்றறிக்கை, வட்டி மாற்றியமைக்கப்படும்போது தவணைத் தொகையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சேர்த்துச் செய்வதா என்று தேர்ந்துகொள்ளும் உரிமையைக் கடன் பெற்றவருக்குத் தந்தது. மாத வட்டிக்கே தவணை போதாத நிலை வரக்கூடாது என்றும், காலாண்டுதோறும் அதுவரை செலுத்திய அசல், வட்டி, மீதமுள்ள தவணைகள் ஆகியவற்றைக் காட்டும் அறிக்கை தர வேண்டும் என்றும் வலியுறுத்தியது. இருப்பினும், காலத்தை நீட்டினால் எத்தனை லட்சம் கூடுதலாகச் செலவாகும் என்ற கணக்கு கையில் இல்லாதவருக்குத் தேர்வுரிமை பெயரளவில் நின்றுவிடுகிறது. தவணை ஏறாததைக் கண்டு பாதிப்பு ஏதுமில்லை என்று அவர் நிம்மதி அடைகிறார். ஏறிய செலவோ கடனின் கடைசி ஆண்டுகளில் போய்ச் சேர்ந்திருக்கிறது.

வட்டிக்கு வெளியே உள்ள செலவுகளும் இதனுடன் சேர்கின்றன. தமிழ்நாட்டில் தனிவீடு ஒன்றின் கிரையப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 விழுக்காடும் பதிவுக் கட்டணம் 2 விழுக்காடும் ஆகின்றன. 10 லட்சத்துக்கு மேற்பட்ட வீடுகளுக்குக் கடன் அளவைக் கணக்கிடும்போது இவற்றைச் சொத்தின் விலையில் சேர்க்க இயலாது என்பதால், 40 லட்சம் ரூபாய் வீட்டுக்கு 3.6 லட்சத்தைக் கைக்காசாகவே திரட்ட வேண்டியிருக்கிறது. சேமிப்பு போதாதவர் அதற்காக நகைக்கடனுக்கோ தனிநபர் கடனுக்கோ போகிறார். கட்டி முடிக்கப்படாத அடுக்ககத்தில் வீடு வாங்குபவர், வங்கி விடுவித்த தொகைக்கு மட்டும் தவணைக்கு முந்தைய வட்டி கட்டுகிறார். சராசரியாக 15 லட்சம் விடுவிக்கப்பட்டு இரண்டு ஆண்டு கழிந்தால் 2.55 லட்சம் ரூபாய், அசலில் ஒரு காசும் குறையாமல், போய்விடுகிறது. கடனோடு சேர்த்து விற்கப்படும் ஒற்றைப் பிரீமியக் காப்பீட்டின் தொகையும் கடனில் ஏற்றப்பட்டால், அதற்கும் இருபது ஆண்டு வட்டி உண்டு.

இக்கணக்குகளுக்கு மறுப்பாகச் சொல்லப்படுபவற்றையும் நேர்மையாகப் பார்க்க வேண்டும். இருபது ஆண்டுகளில் செலுத்தும் 62.48 லட்சம் இன்றைய மதிப்பில் அத்தனை பெரிய தொகை அன்று என்பது முதல் வாதம். அதில் நியாயம் உண்டு: ரிசர்வ் வங்கி காக்க வேண்டிய 4 விழுக்காடு பணவீக்கத்தைக் கொண்டு கழித்துப் பார்த்தால், அந்தத் தவணைகளின் இன்றைய மதிப்பு சுமார் 43 லட்சம். சொந்த வீட்டால் மிச்சமாகும் வாடகையையும் இதனோடு சேர்த்தே எடைபோட வேண்டும். ஆனால், பணவீக்கம் எல்லை மீறும்போது ரெப்போவும் ஏறி மாறும் வட்டியை உயர்த்திவிடுவதால், பணவீக்கம் கடனைக் கரைத்துவிடும் என்ற ஆறுதல் நிலையான வட்டிக் கடனுக்குப் பொருந்தும் அளவுக்கு மாறும் வட்டிக் கடனுக்குப் பொருந்தாது. வருமான வரிச் சலுகை என்ற இரண்டாம் வாதமும் வலுவிழந்துவிட்டது. 2023-24 நிதியாண்டு முதல் இயல்பாகப் பொருந்தும் புதிய வரிமுறையில், தாமே குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்குக் கழிவு கிடையாது. பழைய முறையிலும் ஆண்டுக்கு 2 லட்சமே உச்சவரம்பு. மேற்சொன்ன கடனின் முதலாண்டு வட்டியோ சுமார் 2.53 லட்சம்.

காலத்தை நீட்டுவதே தவறு என்பதும் இம்மடலின் கருத்தன்று. சம்பளம் ஏறாத ஆண்டில் தவணை நான்காயிரம், ஐந்தாயிரம் ஏறினால் பிள்ளைகளின் கல்விக் கட்டணத்தைக் கட்ட முடியாமல் தவிக்கும் குடும்பத்துக்குக் கால நீட்டிப்பு உதவியே. அந்த உதவியின் விலை என்னவென்று அறிந்து அதை ஏற்பதே கேட்கப்படுவது. அதே 30 லட்சத்தை 8.5 விழுக்காட்டில் 20 ஆண்டுக்குப் பதிலாக 30 ஆண்டுக்கு வாங்கினால் தவணை 2,968 ரூபாய் குறைந்து 23,067 ஆகிறது. மொத்தச் செலவோ 20.56 லட்சம் கூடுகிறது. இவ்விரு எண்களையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர் தமக்கு ஏற்றதைத் தாமே முடிவு செய்துகொள்வார்.

ஆகவே தங்கள் பரிசீலனைக்கு நான்கு கோரிக்கைகள் முன்வைக்கப்படுகின்றன. முதலாவது, முக்கிய விவர அறிக்கையில் 25 புள்ளி மாற்றத்தோடு 100, 150, 250 புள்ளி ஏற்றங்களுக்கான தவணை, காலம், மொத்த ரூபாய் ஆகியவையும் இடம்பெற வேண்டும். பழைய தவணையில் கடன் தீராது என்றால் அதை அப்படியே எழுத்தில் சொல்ல வேண்டும். இரண்டாவது, வட்டி மாறும் ஒவ்வொரு முறையும் அனுப்பப்படும் கடிதத்தில், பழைய முடிவு நாளைக் காக்கத் தேவைப்படும் புதிய தவணை, பழைய தவணையைத் தொடர்ந்தால் வரும் புதிய முடிவு நாள், இரண்டுக்கும் இடையே ரூபாயில் உள்ள வேறுபாடு ஆகிய மூன்றும் இருக்க வேண்டும். மூன்றாவது, முன்கூட்டியே செலுத்துவதன் பயனைக் கடன் பெற்றவருக்குத் தரும் ஆண்டு அறிக்கையில் காட்ட வேண்டும். மேற்சொன்ன கடனில் தொடக்கம் முதலே மாதம் 2,000 ரூபாய் கூடுதலாகக் கட்டினால் 39 மாதம் முன்னதாகவே கடன் முடிந்து சுமார் 6.13 லட்சம் மிச்சமாகும் என்பது பலருக்குத் தெரியாது. நான்காவது, அறிக்கை கடன் பெறுபவருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி முன்பே விதித்திருப்பதால், தமிழ் உள்ளிட்ட மாநில மொழிகளில் எத்தனை அறிக்கைகள் தரப்பட்டன என்பதை வங்கிவாரியாக ஆண்டுதோறும் வெளியிட வேண்டும்.

இவற்றுள் எதற்கும் புதிய சட்டம் தேவையில்லை. வங்கிகளுக்குப் பெருஞ்செலவும் இல்லை. வேண்டிய கணக்குகளை அவற்றின் கணினிகள் எளிதில் போட்டுவிடும். 2025 பிப்ரவரிக்கும் டிசம்பருக்கும் இடையே ரெப்போ 6.5 விழுக்காட்டிலிருந்து 5.25 விழுக்காடாக இறங்கியதால், வட்டி தாழ்ந்த நேரத்தில் கடன் வாங்கும் புதியவர்கள் மீண்டும் வருகிறார்கள். அடுத்த ஏற்றத்தில் முதலில் சிக்குவோரும் அவர்களே. அந்த ஏற்றம் தொடங்குவதற்கு முன்பே மேற்கண்ட நான்கையும் நடைமுறைக்குக் கொண்டுவர வேண்டும் என்று தங்களைப் பணிவுடன் வேண்டுகிறது இம்மடல்.