வீட்டுக்கு ஒரு திரையா? ஆளுக்கு ஒரு திரையா?

சினிமா பார்க்க இப்போது கொட்டகைக்குத்தான் போகவேண்டும் என்பது இல்லை. சட்டைப்பையில் செல்போன் இருந்தால் போதும். பஸ்சிலும் பார்க்கலாம். படுக்கையிலும் பார்க்கலாம்.

வசதி வந்துவிட்டது. ஆனால், கூடி உட்கார்ந்து பார்க்கும் வழக்கம் போய்க்கொண்டு இருக்கிறது. இது நல்லது அல்ல.

ஊரே கூடியது

தமிழ்நாட்டில் ஊர் ஊராகப் படம் காட்டிய முன்னோடி, சாமிக்கண்ணு வின்சென்ட். திருச்சியில் ரெயில்வேயில் வரைபடம் வரையும் வேலை பார்த்தவர். 1905-ம் ஆண்டில் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் இருந்து படம் காட்டும் கருவியை விலைக்கு வாங்கினார். போன ஊரில் எல்லாம் கூடாரம் அடித்து, படம் காட்டினார்.

அவை பேசாத படங்கள். 1931-ல் "காளிதாஸ்" வந்தது. படம் பேசியது!

பிறகு, டூரிங் கொட்டகைகள் பெருகின. மாலையில் ஒலிபெருக்கியில் பாட்டு கேட்டதும், கிராமத்தார் வண்டி கட்டிக்கொண்டு புறப்படுவார்கள். மணலைக் குவித்து, அதன்மேல் உட்காருவார்கள். கொட்டகையில் ஒரே ஒரு புரொஜக்டர்தான் இருக்கும். ரீல் மாற்றும்போது எல்லாம் இடைவேளை! முறுக்கு விற்கும். பார்த்த கதையைப் பற்றிப் பேச்சு நடக்கும்.

தெரு கூடியது

1975-ல் சென்னைக்கு டெலிவிஷன் வந்தது. எல்லோர் வீட்டிலும் அது இல்லை. இருக்கிற வீட்டில் தெருவே கூடியது.

1980-களில் வீடியோ டெக்கை வாடகைக்கு எடுத்தார்கள். விடிய விடியப் படம் பார்த்தார்கள். பிறகு, வீட்டுக்கு வீடு டெலிவிஷன் வந்தது. தெரு கலைந்தது. ஆனாலும், குடும்பம் ஒன்றாக உட்கார்ந்து பார்த்தது.

குடும்பமும் கலையலாமா?

2020-ல் கொரோனா காரணமாகக் கொட்டகைகள் மூடப்பட்டன. அந்த ஆண்டு மே மாதம் "பொன்மகள் வந்தாள்" படம் கொட்டகைக்கு வராமல், இன்டர்நெட் மூலம் நேராக வீட்டுக்கே வந்தது. இப்போது கூடத்தில் தந்தை ஒரு படம் பார்க்கிறார். அறைக்குள் மகன் வேறு படம் பார்க்கிறான். சமையல் அறையில் தாய் இன்னொன்று பார்க்கிறாள்.

செல்போனால் நன்மையே இல்லை என்று சொல்லமுடியாது. நடக்கமுடியாத பாட்டியும் இன்று புதுப்படம் பார்க்கிறாள். இரவு வேலைக்குப் போகிறவர், ஓய்வு கிடைத்த நேரத்தில் பார்க்கிறார். காது கேளாதவர், திரையில் வரும் எழுத்தைப் படித்துக் கதையைத் தெரிந்துகொள்கிறார்.

ஆனால், சிறு பிள்ளை தனியாக என்ன பார்க்கிறது? பெற்றோருக்குத் தெரிவது இல்லை. பயங்கரக் காட்சி வந்தால், முகம் புதைக்க மடி இல்லை. புரியாத காட்சி வந்தால், "ஏன் அம்மா அப்படி?" என்று கேட்க ஆள் இல்லை.

இதற்கு வழி உண்டு. செல்போனில் வரும் படத்தை டெலிவிஷனிலும் பார்க்கலாம். வாரத்தில் ஒரு நாள், செல்போன்களை ஒரு பக்கம் வைத்துவிட்டு, எல்லோரும் ஒரே படத்தைப் பாருங்கள். இந்த வாரம் என்ன படம் என்று பாட்டி சொல்லட்டும். அடுத்த வாரம் பேரன் சொல்லட்டும்.

படம் முடிந்ததும் எழுந்து போய்விடாதீர்கள். கொஞ்ச நேரம் அதைப் பற்றிப் பேசுங்கள். அந்தப் பேச்சில், பிள்ளையின் மனதில் இருப்பது பெற்றோருக்குத் தெரியவரும்.