மகளைத் தேடும் மனுவும் மகளை மீட்கும் மனுவும்

"அண்ணாச்சி, நாகர்கோவில் வண்டி சார்ட்டில் என் மகள் பேர் இருக்கிறதா என்று பார்த்துச் சொல்லுங்கள்." தாராவியிலிருந்து இப்படிக் கேட்டுக்கொண்டு தகப்பன்மார் நம்மிடம் வருகிறார்கள். ரயில்வேயிலும் சங்கத்திலும் நாம் இருக்கிறோம் என்ற உரிமையில் கேட்கிறார்கள். சார்ட்டைப் பார்த்துச் சொல்ல மாட்டோம் என்றால், "அப்படியானால் ஆட்கொணர்வு மனு எழுதிக் கொடுங்கள்" என்கிறார்கள். பெண்ணுக்கு என்ன வயது என்றால், இருபத்திரண்டு என்று பதில் வருகிறது.

தோழர்களே, இந்த மனு எதற்காக ஏற்பட்டது? ஒருவரைச் சட்டவிரோதமாக அடைத்து வைத்திருந்தால், அவரைக் கோர்ட்டின் முன் நிறுத்தச் சொல்லவே ஏற்பட்டது. நெருக்கடி நிலையின்போது, 1976-இல், உச்ச நீதிமன்றமே இந்த உரிமையைக் கைவிட்டது. 1977-இல் கேரளத்தில் ஈச்சர வாரியர் என்ற தந்தை, போலீஸ் பிடித்துச் சென்ற மகனுக்காக இதே மனுவைப் போட்டார். மகன் திரும்பவில்லை, ஆனால் முதலமைச்சர் கருணாகரன் பதவி விலக நேர்ந்தது. அப்படிப்பட்ட ஆயுதத்தை, மனம் விரும்பியவனோடு போன மகள்மேல் வீசலாமா?

2017-இல் கேரள உயர் நீதிமன்றம், தந்தையின் மனுமீது ஒரு மகளின் திருமணத்தையே செல்லாது என்றது. 2018 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்பை ரத்து செய்தது. தமிழகத்திலோ, மனைவியைப் பெற்றோர் பிடித்து வைத்திருப்பதாகக் கணவர் மனுப் போட்டார். வக்கீல்கள் முன் நடந்த சுயமரியாதைத் திருமணம் செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்றம் தள்ளிவிட்டது. அண்ணா ஆட்சியில் 1967-இல் வந்த சட்டம் ஊரைக் கூட்டச் சொல்லவில்லை என்று 2023 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. அந்தப் பெண்ணின் வாக்குமூலத்தைப் பெற்று, அவர் விருப்பப்படி விட்டது. மனுவுக்குரியவரிடம் நீதிபதி தனியே பேச வேண்டும், மனத்தை மாற்றப் புத்தி சொல்லக் கூடாது என்று 2024 மார்ச்சில் மீண்டும் நெறி வகுத்தது.

பெற்றவர்களுக்கு உரிமை இல்லையா என்று கேட்பீர்கள். பிழைக்க வந்த ஊரில் மகளைக் காணோம் என்றால் வயிறு எரியத்தான் செய்யும். பதினெட்டு நிரம்பாத பெண்ணானாலும், மெய்யாகவே கடத்தப்பட்டவளானாலும், நடுராத்திரியிலும் உங்களோடு போலீஸ் ஸ்டேஷனுக்கு வருவோம். ஆனால் மேஜரான பெண் "என் இஷ்டப்படி வந்தேன்" என்றால், கோர்ட்டும் அவளைக் கட்டி இழுத்துவந்து உங்களிடம் ஒப்படைக்காது. செலவும் தலைகுனிவும்தான் மிச்சம்.

இன்னொன்றும் நமக்குத் தெரியும். கொடை பார்க்கப் போகிறோம் என்று அதே நாகர்கோவில் வண்டியில் ஏற்றி, ஊரில் போனைப் பிடுங்கி அறையில் பூட்டி, அவசரமாகத் தாலி கட்டவைக்கும் வீடுகளும் நம்மிடையே உண்டு. சட்டவிரோதக் காவல் அதுதான். அந்தப் பெண்ணுக்காகச் சிநேகிதியே மனுப் போடலாம். மதுரைக் கிளையில் கொடுக்கலாம்.

அந்த மனுவை நாம் எழுதித் தருவோம். கூலி உயர்வுக்குக் கொடி பிடிக்கும் நம் கை, வீட்டுக் கதவைப் பூட்டும் கையாக இருக்கக் கூடாது.