கடவுச்சொல்லைப் பிறரிடம் ஆக்கிப் பெறலாமா?

சாவி செய்து கொடுத்தவன் அதன் பிரதியொன்றைத் தன்னிடமே வைத்துக்கொண்டால் பூட்டினால் யாது பயன்? கேட்ட மாத்திரத்தில் கடவுச்சொல் ஆக்கித் தரும் இணையதளங்களை நாடுவோர் முதற்கண் எண்ண வேண்டியது இதுவே.

‘ஐயோட்டா’ என்னும் எண்ணியல் நாணயத்தை வைத்திருந்தோர்க்கு 81 எழுத்துகள் கொண்ட இரகசியச் சாவி வேண்டியிருந்தது. அதனை ஆக்கித் தந்த தளமொன்று, தன் நிரலை எவரும் படித்துப் பார்க்கலாம் என வெளியிட்டிருந்தது. அந்நிரலில் குற்றமில்லை, ஆனால், தளத்தில் இயங்கியது வேறொரு நிரல். சாவிகள் யாவையும் அதனை அமைத்தவன் கணித்தறிய முடிந்தது. 2018 ஜனவரி முதல் 85 பேருக்கு மேற்பட்டோரிடமிருந்து ஏறத்தாழ 1 கோடி யூரோ களவு போனதாக யூரோபோல் 2019இல் அறிவித்தது. சாவியின் நீளம் அவர்களைக் காக்கவில்லை.

வஞ்சனை இல்லாதவிடத்தும் தீங்கு நேரக்கூடும். 94 குறிகளிலிருந்து தற்செயலாய்ப் பொறுக்கிய 12 குறிகளாலான கடவுச்சொற்களின் எண்ணிக்கை, 4ஐ அடுத்து 23 சுழிகள் இட்ட தொகையினும் மிகுதி. ஆனால், நிரலானது கடிகாரத்தின் வினாடியை மட்டுமே வித்தாகக் கொள்ளுமாயின், ஓராண்டில் பிறக்கக்கூடியவை 3,15,36,000 மட்டுமே. இவற்றைச் சோதித்து முடிப்பது கணினிக்கு எளிது. தோற்றத்தில் இருவகைச் சொற்களுக்கும் வேற்றுமை தெரியாது.

முகவரியருகே தோன்றும் பூட்டுச் சின்னம் செய்தி செல்லும் வழியைக் காக்குமேயன்றி, அனுப்புவோரின் நேர்மைக்குச் சான்றாகாது. நேர்மையான தளங்களும் உள. எனினும், தளம் தன் நிரலை ஒவ்வொரு முறையும் புதிதாக அனுப்புகிறது. இன்று ஆராய்ந்து தேறியது நாளையும் அதுவே என்பதற்கு உறுதியில்லை. ஒருவருக்கு ஒன்றும் மற்றவருக்கு வேறொன்றும் அனுப்பவும் கூடும்.

பலரும் ஆராய்ந்த கடவுச்சொல் காப்பு நிரலைக் கணினியில் நிறுவிக்கொள்வது இதனினும் மேலானது. அதிலும் பிழை நேரலாம்; ஆயினும், யாவரிடமும் ஒரே நிரல் இருப்பதால் பிழை கண்டறியப்பட்டுத் திருத்தம் பெறும். அதனையும் நம்பாதார்க்கு, ஆர்னால்டு ரைன்ஹோல்டு 1995இல் வகுத்த முறை உண்டு. பகடையை ஐந்து முறை உருட்டினால் 7,776 சொற்கள் கொண்ட பட்டியலிலிருந்து ஒரு சொல் கிடைக்கும். இவ்வாறு ஆறு சொற்களைச் சேர்த்தால், மேற்கூறிய 12 குறிகளுக்கு ஏறக்குறைய நிகரான வலிமை உண்டாகும்.

வங்கிக் கணக்கும் அந்தரங்கக் கடிதமும் இச்சொல்லொன்றின் காவலில் இருக்கின்றன. அது பிறக்கும்போதே அயலார் அறியத்தக்கதாயின், பிற்பாடு எத்துணை மறைத்தும் பயனில்லை.