ஒரே விசிறி, மூன்று விலை

'75 வாட் மின்விசிறி ஒன்று நாள்தோறும் 10 மணி நேரம் சுழல்கிறது. ஒரு யூனிட் 3 ரூபாய் எனில் செலவு என்ன?' இவ்வகைக் கணக்கை நீங்கள் பலமுறை போட்டிருப்பீர்கள். வாட்டை மணியால் பெருக்கி, 1000ஆல் வகுத்து, விலையால் பெருக்கினால் முழு மதிப்பெண். இதன் முன்பாதி இயற்பியல், அதில் குறையில்லை. பின்பாதி நம் வீட்டுக்குப் பொருந்தாது. அதை இப்படியே கற்பித்து வருவது சரியல்ல என்பது என் கருத்து.

முன்பாதியை முடித்துவிடுவோம். ஒரு நாளைக்கு 750 வாட்-மணி, அதாவது முக்கால் யூனிட்; 60 நாளில் 45 யூனிட். இது எந்த வீட்டிலும் மாறாது.

இனி விலை. 2022 செப்டம்பரில் தமிழ்நாட்டில் வீடுகளுக்கு வந்த கட்டணத்தை எடுத்துக்கொள்வோம். (பின்னர் விலைகள் திருத்தப்பட்டன, முறையை அறிய இது போதும்.) இரண்டு மாதக் கணக்கில் முதல் 100 யூனிட் இலவசம். அடுத்த 100க்கு யூனிட் 2 ரூபாய் 25 காசு. 201 முதல் 400 வரை 4 ரூபாய் 50 காசு. 401 முதல் 500 வரை 6 ரூபாய். மொத்தம் 500ஐத் தாண்டினாலோ, இரண்டாவது நூறும் 4 ரூபாய் 50 காசாகிவிடும். 500க்கு மேற்பட்டவை 600 வரை 8 ரூபாய்.

இப்போது நம் விசிறியை மூன்று வீடுகளில் மாட்டுவோம். முதல் வீட்டின் மொத்தம், விசிறியையும் சேர்த்து, 90 யூனிட். விசிறிக்கான செலவு சுழியம். இரண்டாம் வீட்டில் 450 யூனிட். விசிறியை நிறுத்தினால் 405. மிச்சம் 270 ரூபாய். மூன்றாம் வீட்டில் 510 யூனிட்; கட்டணம் 2,030 ரூபாய். விசிறி இல்லாவிட்டால் 465 யூனிட், 1,515 ரூபாய். அங்கே அதே விசிறியின் விலை 515 ரூபாய்! கட்டணத்தை யூனிட்டால் வகுத்துச் சராசரி விலை கண்டால் இந்த வேறுபாடு கண்ணில் படாது. 'இது இல்லாவிட்டால் பில் எவ்வளவு?' என்று கேட்டுக் கழித்துப் பார்ப்பதே சரியான முறை.

கணக்குத் தெரியாத வீட்டில் பழி பெரும்பாலும் மிக்ஸியின்மேல் விழும், ஏனெனில் அதுதான் அதிகமாகச் சத்தம் போடுகிறது. 500 வாட் மிக்ஸி நாளைக்குப் பத்து நிமிடம் ஓடினால் இரண்டு மாதத்தில் 5 யூனிட்தான். அம்மாவைக் கடிந்துகொள்ளுமுன் கூடத்து விசிறியை அண்ணாந்து பார்க்க வேண்டும்.

வாட் எண்ணையும் அப்படியே நம்பிவிடலாகாது. குளிர்பதனப் பெட்டியின் கம்ப்ரசர் விட்டுவிட்டு ஓடுகிறது. இஸ்திரிப் பெட்டி சூடேறியதும் தானே மின்சாரத்தைத் துண்டித்துக்கொள்கிறது. இவற்றுக்கு மீட்டரே சாட்சி. மின்னணு மீட்டரில் சிறு சிவப்பு விளக்கு மினுக்கும். யூனிட்டுக்கு எத்தனை மினுக்கல் என்பது முகப்பிலேயே அச்சிடப்பட்டிருக்கும். அது 3200 என்று கொள்வோம். மற்றவற்றின் சுவிட்சுகளை அணைத்துவிட்டு எண்ணுங்கள். நிமிடத்துக்கு 8 மினுக்கல் என்றால் மணிக்கு 480. அதை 3200ஆல் வகுத்தால் 0.15 கிலோவாட், அதாவது 150 வாட். கம்ப்ரசர் ஓடும்போது ஒருமுறையும் ஓய்ந்திருக்கும்போது ஒருமுறையும் எண்ணி, ஒரு மணி நேரத்தில் எத்தனை நிமிடம் ஓடுகிறது என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். மீட்டரைத் தொடவோ திறக்கவோ வேண்டாம், பார்த்தால் போதும்.