மலை வீடுகளின் மின்பெட்டி: பியூஸ் மட்டும் போதுமா?

ஜவ்வாது மலையில் சாமை, தினை, கேழ்வரகு பயிரிடும் குடும்பங்கள் விதைக்கும் மழைக்கும் காட்டும் அக்கறையை, வீட்டுச் சுவரிலுள்ள மின்பெட்டிக்குக் காட்டுவதில்லை. விளக்கு எரிந்தால் பெட்டி நன்றாக இருக்கிறது என்பதே பொதுவான எண்ணம். இது தவறான எண்ணம்; ஆளையும் மாட்டையும் ஒருங்கே பலி கொள்ளக் கூடியது.

ஒரு விளக்குக்குப் போட்ட ஒயர்

தமிழகக் கிராமங்களில் பல வீடுகள் 'குடிசைக்கு ஒரு விளக்கு' என்ற முறையில் மின் இணைப்பு பெற்றவை. மலைக் கிராமங்களும் இதற்கு விலக்கல்ல. ஒரு பல்புக்கு மெல்லிய ஒயரும் ஒரு பியூஸ் கட்டையும் போதுமானவையாக இருந்தன. பிறகு தொலைக்காட்சி வந்தது. 2011ஆம் ஆண்டு தொடங்கிய அரசுத் திட்டத்தில் மிக்சியும் கிரைண்டரும் மின்விசிறியும் வந்தன. மலைக் குளிருக்கு வெந்நீர் போடும் ஹீட்டரும் வந்துவிட்டது. 1,500 வாட் ஹீட்டர் ஒன்றே ஆறரை ஆம்பியர் இழுக்கிறது. சாமான்கள் பெருகின, பெட்டி மட்டும் பழையதாகவே நிற்கிறது.

பியூஸ் எரிந்து போனால் கையில் கிடைத்த தடித்த கம்பியைச் சுற்றிவிடும் பழக்கமும் உண்டு. அப்போது எரிய வேண்டிய பியூஸ் எரியாது. சுவரிலுள்ள ஒயர்தான் எரியும். கூரை வீட்டில் இதன் விளைவைச் சொல்ல வேண்டியதில்லை.

பியூசுக்கு ஆளைத் தெரியாது

சரியான பியூஸ் போட்டாலும் அது காப்பது ஒயரை மட்டுமே. 40 வாட் பல்பு எடுக்கும் மின்சாரம் சுமார் 174 மில்லி ஆம்பியர். ஒரு மனிதனின் உயிரைப் போக்க இதுவே போதும். சாணம் மெழுகிய ஈரத்தரையில் வெறுங்காலுடன் நின்று, கசிவுள்ள கிரைண்டரைத் தொடும் பெண்ணின் உடலில் பாயும் மின்சாரமும் ஏறக்குறைய இந்த அளவுதான். பியூசுக்கு அவரும் ஒன்று, பல்பும் ஒன்று.

எர்த் இருந்தால் ஆபத்தில்லை என்று சிலர் கருதலாம். சமவெளியின் ஈர மண்ணில் இது ஓரளவு உண்மை. மலையிலோ மண்கண்டம் குறைவு, அடியில் பாறை, கோடையில் மண் காய்ந்துவிடும். எர்த் குழியின் மின்தடை 20 ஓம் என்று வைத்துக் கொள்வோம். 230 வோல்ட்டில் அதன் வழியே பதினொன்றரை ஆம்பியருக்கு மேல் பாயாது. 16 ஆம்பியர் பியூஸ் இதற்கு அசையாது. கிரைண்டரின் உடல் மின்சாரத்துடனேயே நிற்கும்.

மாட்டுக் கொட்டகைக்கு வீட்டிலிருந்து ஒயர் இழுப்போர் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். மாட்டின் முன்காலுக்கும் பின்காலுக்கும் இடைவெளி அதிகம். ஆகவே மனிதனுக்குச் சுரீரென்று மட்டும் படும் நிலக்கசிவு, மாட்டைக் கொன்றுவிடக் கூடும்.

மின்கசிவுக் காப்பான்

இதற்குரிய கருவி ஆர்.சி.சி.பி. எனப்படும் மின்கசிவுக் காப்பான். பேஸ் வழியே போகும் மின்சாரமும் நியூட்ரல் வழியே திரும்பும் மின்சாரமும் சமமாக உள்ளனவா என்று இது பார்த்துக் கொண்டே இருக்கும். 30 மில்லி ஆம்பியர் குறைந்தாலும், நொடியில் மூன்றில் ஒரு பங்கு நேரத்துக்குள் இணைப்பைத் துண்டித்துவிடும். எர்த் தடை 1,000 ஓம் ஆனாலும் 230 மில்லி ஆம்பியர் பாயுமாதலால், மலை நிலத்திலும் இது தவறாமல் வேலை செய்யும். ஆனால் இது எர்த்துக்கு மாற்று அல்ல, இரண்டும் வேண்டும்.

பெட்டியில் முதலில் மெயின் சுவிட்ச், அடுத்து 30 மில்லி ஆம்பியர் காப்பான், அதன்பின் எம்.சி.பி.கள் என்ற வரிசை அமைய வேண்டும். விளக்குகளுக்கு 6 ஆம்பியர் எம்.சி.பி.யும் 1.5 சதுர மி.மீ. செம்பு ஒயரும், பவர் பிளக்குக்கு 16 ஆம்பியர் எம்.சி.பி.யும் 2.5 சதுர மி.மீ. ஒயரும் ஏற்றவை. அதிகப் பளுவைத் தடுப்பது எம்.சி.பி.; கசிவைத் தடுப்பது காப்பான். ஒன்று மற்றொன்றின் வேலையைச் செய்யாது. நியூட்ரலையும் எர்த்தையும் வீட்டுக்குள் ஒன்றாக முறுக்கக் கூடாது. உரிமம் பெற்ற வயர்மேனைக் கொண்டே இப்பணியைச் செய்ய வேண்டும்.

காப்பான் அடிக்கடி விழுந்தால் அதை நீக்கிவிட்டு நேராக இணைப்பது பெருந்தவறு. சாமான்களை ஒவ்வொன்றாகக் கழற்றிப் பார்த்தால் கசிவது எது என்று பெரும்பாலும் தெரிந்துவிடும்.

பராமரிப்பு

மாதம் ஒரு முறை காப்பானின் சோதனைப் பொத்தானை அழுத்த வேண்டும். விழாவிட்டால் மாற்ற வேண்டும். ஆனியிலும் தையிலும் வயர்மேனைக் கொண்டு பெட்டியைத் திறந்து எறும்பு, பல்லி, குளவிக்கூடு ஆகியவற்றை நீக்கித் தளர்ந்த திருகுகளை இறுக்கச் செய்வது நலம். மெயினை அணைத்த பின்னும் மீட்டரிலிருந்து வரும் ஒயரில் மின்சாரம் இருக்கும் என்பதை மறக்கலாகாது. பங்குனி, சித்திரையில் எர்த் குழிக்குத் தண்ணீர் ஊற்றி வர வேண்டும்.

பொறுப்பு யாருடையது?

மத்திய மின்சார ஆணையத்தின் 2010ஆம் ஆண்டு விதிகள், 5 கிலோவாட்டுக்குக் குறைந்த வீட்டு இணைப்புகளுக்குக் கசிவுக் காப்பிலிருந்து விலக்கு அளித்திருந்தன. மண்தரையும் மெல்லிய ஒயரும் உள்ள சிறு வீடுகளே அந்த விலக்கில் அடங்கின. காப்பு அதிகம் தேவைப்படும் வீட்டுக்கே காப்பில்லை என்றால் அது முறையாகாது. மலைமக்களுக்கு வீடு கட்டித் தரும் திட்டங்களின் மதிப்பீட்டில், கதவு, ஜன்னலைப் போல இக்கருவியும் இடம்பெற வேண்டும். மின்சாமான் வழங்கும் திட்டங்களும் பெட்டியைச் சரிபார்த்த பின்னரே அவற்றை வழங்க வேண்டும்.

அதுவரை காத்திருக்கவும் தேவையில்லை. இக்கருவியின் விலை ஒரு கறவை மாட்டின் விலையில் மிகச் சிறு பங்கே. அடுத்த சாமை அறுவடைப் பணத்தில் முதற்செலவாக இதை வைத்துக் கொண்டால், வீட்டுக்கும் கொட்டகைக்கும் அதுவே நல்ல காப்பாகும்.