ஒட்டுக் கேட்கும் வேடிக்கை

விடியுமுன்னே எங்கள் ராசிங்காபுரத்தில் ஏலக்காட்டு ஜீப்புக்காகப் பெண்கள் காத்து நிற்பார்கள். கடன், பிள்ளைகளின் படிப்பு, மாமியார் சண்டை எல்லாம் அங்கேதான் கொட்டப்படும். சென்ற ஆண்டு ஓர் இளைஞன் அந்தப் பேச்சைக் கைப்பேசியில் மறைவாகப் பதிந்து, சிரிப்பொலி சேர்த்து, ஊரெங்கும் பரப்பினான். கேட்டு நானும் சிரித்தேன். அதன் பிறகு, அதில் பேசியிருந்த அக்கா ஜீப்பில் வாய் திறப்பதேயில்லை. என் சிரிப்பு எனக்கே கசந்தது.

இவ்வேடிக்கை புதிதன்று. 1947-இல் அமெரிக்க வானொலியில் ஆலன் ஃபண்ட் என்பவர் ஒலிவாங்கியை ஒளித்து வைத்துச் சாதாரண மக்களின் பேச்சைப் பதிந்து ஒலிபரப்பினார். மறு ஆண்டே அது தொலைக்காட்சிக்கும் ஏறியது. 2012-இல் ஆஸ்திரேலிய வானொலியினர் இருவர் அரச குடும்பத்தார்போல் பேசி லண்டன் மருத்துவமனை ஒன்றை ஏமாற்றி, அதை ஒலிபரப்பினர். அழைப்பை எடுத்த இந்தியச் செவிலியர் ஜெசிந்தா சல்தானா மூன்றே நாளில் உயிரை மாய்த்துக்கொண்டார். இரு பிள்ளைகள் தாயை இழந்தனர்.

"தெருவில் பேசியதுதானே?" என்பர் சிலர். பக்கத்தில் நிற்பவளுக்குச் சொன்னது ஊருக்கே சொன்னதாகுமா? தொலைபேசிப் பேச்சும் அந்தரங்கமே என்று உச்ச நீதிமன்றம் 1996-இல் கூறியது. அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று 2017-இல் ஒன்பது நீதிபதிகள் தீர்ப்பளித்தனர். அரசுக்கே வரம்பு உண்டெனில் நமக்கு இல்லையா?

நகைச்சுவையே வேண்டாம் என்பதன்று என் கருத்து. பேசியவரின் இசைவைக் கேட்டுப் பெறுக. அவரும் உடன் சிரிக்கட்டும். நண்பர்களே! களவாகப் பதிந்த பேச்சு நம் கைக்கு வந்தால் பிறருக்கு அனுப்பாது அழிப்போம். மலையேறும் அந்த ஜீப்பில் அக்காவின் குரல் மறுபடி கேட்க வேண்டும்.