வவுச்சர் இல்லாத ஞானம்

'நீங்க பாக்குறது உங்க உண்மை. நான் பாக்குறது என் உண்மை. பொதுவா உண்மைன்னு ஒண்ணு கிடையவே கிடையாது.'

இந்த வசனத்தை யாராவது உங்களிடம் சொன்னால், உடனே கைகூப்பி விடாதீர்கள். முதலில் பாக்கெட்டைத் தொட்டுப் பாருங்கள். பர்ஸ் இருக்கிறதா?

சும்மா சொல்லவில்லை. இந்த ஒரே சரக்கை வைத்து ஒருவர் டாக்டர் பட்டம் வாங்கினார். லட்சக்கணக்கில் புத்தகம் விற்றார். ஒரு பழங்குடி இனத்தின் பெயரை, அவர்களைக் கேட்காமலே எடுத்துத் தன் கடைக்குப் போர்டாக மாட்டினார். அவர் பெயர் கார்லோஸ் காஸ்டனேடா.

1968-ல் கலிஃபோர்னியா பல்கலைக்கழகப் பதிப்பகம் அவருடைய முதல் புத்தகத்தை வெளியிட்டது. 'டான் ஹுவானின் போதனைகள்: ஞானத்துக்கு ஒரு யாக்கி வழி' என்று தலைப்பைத் தமிழில் சொல்லலாம். யாக்கி என்பவர்கள் வடமேற்கு மெக்சிகோவில் சொனோரா மாநிலத்துப் பழங்குடி மக்கள்.

கதை இதுதான். 1960 கோடை. அரிசோனாவில் எல்லையோர ஊர் ஒன்றின் பஸ் நிலையம். மானுடவியல் மாணவரான காஸ்டனேடா அங்கே டான் ஹுவான் என்ற யாக்கிக் கிழவரைச் சந்திக்கிறார். கிழவர் மந்திரவாதி. பெயோட்டே என்கிற போதைக் கள்ளி, ஒருவகைக் காளான், நம்மூர் ஊமத்தைக்கு ஒன்றுவிட்ட சகோதரியான ஒரு செடி என்று வரிசையாகக் கொடுத்து, இன்னொரு உலகத்தைக் காட்டுகிறார். 'நீ பார்க்கும் உலகம் உனக்குக் கற்றுக் கொடுக்கப்பட்ட ஒரு வர்ணனை. அதைத் தாண்டி வேறொன்று இருக்கிறது, அதுவும் இதே அளவு நிஜம்' என்பது பாடம். சீடர் காக்கையாகிப் பறக்கிறார்.

படிக்க ஜோராக இருக்கும். அதில் சந்தேகமே இல்லை. வியட்நாம் யுத்தத்தில் வெறுத்துப் போயிருந்த அமெரிக்க இளைஞர்கள் விழுந்து விழுந்து படித்தார்கள். 1971-ல் இரண்டாவது புத்தகம், 1972-ல் மூன்றாவது. 1973-ல் 'டைம்' பத்திரிகையின் அட்டைப்படம். அதே வருடம், மூன்றாவது புத்தகத்தின் சரக்கையே ஆய்வேடாகக் கொடுத்து, லாஸ் ஏஞ்சலிஸ் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தில் டாக்டர் பட்டமும் வாங்கிவிட்டார்.

நான் பி.காம். படித்தவன். தத்துவம் அதிகம் தெரியாது. ஆனால் ஆடிட்டிங் பேப்பரில் ஒன்றைச் சொல்லிக் கொடுத்தார்கள். கணக்கு எவ்வளவு அழகாக எழுதியிருந்தாலும் மயங்காதே, வவுச்சர் எங்கே என்று கேள்.

கேட்டுப் பார்ப்போம்.

டான் ஹுவானை வேறு யாராவது பார்த்தார்களா? ஆராய்ச்சியாளர் ஒருவர்கூடப் பார்க்கவில்லை. களக் குறிப்புகள்? யாக்கிப் பகுதியில் ஆராய்ச்சி செய்த பேராசிரியர் ரால்ஃப் பீல்ஸ், 'கொஞ்சம் காட்டப்பா' என்று கேட்டார். மாணவர் நழுவிவிட்டார். பெயோட்டே? அது ஹுய்ச்சோல் என்ற வேறொரு பழங்குடியின் சடங்கு. யாக்கிகளுடைய வழக்கமே அல்ல. யாக்கி வாழ்க்கையைப் பற்றி அதிகாரபூர்வமாக எழுதிய எட்வர்ட் ஸ்பைசர், 1969-லேயே புத்தகத்தின் நடையைப் பாராட்டிவிட்டு, இதற்கும் யாக்கிப் பண்பாட்டுக்கும் சம்பந்தம் தெரியவில்லை என்று எழுதினார். 1976-ல் ரிச்சர்ட் டி மில் என்பவர் ஒரு புத்தகத்தின் தேதிகளை இன்னொரு புத்தகத்தின் தேதிகளோடு ஒப்பிட்டார். பேரேடு டாலி ஆகவில்லை.

சொந்தக் கதையாவது நிஜமா? பிரேசிலில் 1935-ல் பிறந்ததாகச் சொன்னார். 'டைம்' போய்த் தோண்டியபோது, பெரு நாட்டில் 1925-ல் பிறந்ததாக ஆவணம் சொன்னது. கேட்டதற்கு அவர் சொன்ன பதிலின் சாரம்: என் வாழ்க்கையைப் புள்ளிவிவரத்தால் சரிபார்ப்பது, மாந்திரீகத்தை அறிவியலால் சரிபார்ப்பது மாதிரி.

பார்த்தீர்களா? பிறந்த தேதியைக் கேட்டால் மாந்திரீகம் பதிலாக வருகிறது! 'உண்மைகள் பல' என்ற தத்துவம், 'என்னிடம் கணக்குக் கேட்காதே' என்று மாறும் இடம் இதுதான்.

இந்த இடத்தில் உங்களில் சிலர் சொல்வது காதில் விழுகிறது. 'இருக்கட்டுமே சார். கிழவர் கற்பனையாவே இருக்கட்டும். சொன்ன தத்துவம் ஆழமாத்தானே இருக்கு?'

ஆழமாகவே இருக்கட்டும். அப்படியானால் அட்டையில் 'நாவல்' என்று போடுங்கள். நானும் காசு கொடுத்து வாங்குகிறேன். நாவலாசிரியர் 'இப்படி இருந்தால்?' என்று கேட்கிறார். நாம் யோசிக்கிறோம். காஸ்டனேடா அப்படிக் கேட்கவில்லை. 'இது நடந்தது, நான் சாட்சி, ஒரு பழங்குடியின் பரம்பரை ஞானம் இது' என்றார். வாதத்தால் ஜெயிக்க வேண்டியதைச் சாட்சியால் ஜெயித்தார். சாட்சி பொய் என்றால் வழக்கு தள்ளுபடி, அவ்வளவுதான்.

வெவ்வேறு உயிர்கள் வெவ்வேறு உலகத்தைப் பார்க்கின்றன என்பது அபத்தமான கருத்தா? இல்லவே இல்லை. கார்ல் வான் ஃபிரிஷ் என்ற ஆஸ்திரிய விஞ்ஞானி, தேனீக்கு நிறம் தெரியுமா என்று பார்க்க ஒரு காரியம் செய்தார். பலவிதச் சாம்பல் நிற அட்டைகளுக்கு நடுவே ஒரு நீல அட்டை. அதன்மேல் சர்க்கரைத் தண்ணீர். தேனீக்கள் பழகின. பிறகு சர்க்கரையை எடுத்துவிட்டார், அட்டைகளை இடம் மாற்றினார். தேனீக்கள் நீலத்தைத் தேடியே வந்தன. நம் கண்ணுக்குத் தெரியாத புறஊதாக் கதிரும் தேனீக்குத் தெரியும் என்று பிற்பாடு நிரூபணமானது. நாம் பார்க்காத ஓர் உலகம்! ஆனால் யார் வேண்டுமானாலும் அட்டை வாங்கி, சர்க்கரை கரைத்து, சரிபார்த்துக்கொள்ளலாம். வான் ஃபிரிஷுக்கு நோபல் பரிசு கிடைத்த வருடம் என்ன தெரியுமா? 1973. காஸ்டனேடா டாக்டர் ஆன அதே வருடம்.

'பொய்யால யாருக்கு என்ன நஷ்டம்?' என்று கேட்பீர்கள். நஷ்டக் கணக்கையும் பாருங்கள்.

முதல் நஷ்டம், யாக்கி மக்களுக்கு. இருபதாம் நூற்றாண்டின் ஆரம்பத்தில் மெக்சிகோ அரசு ஆயிரக்கணக்கான யாக்கிகளைப் பிடித்து, நாட்டின் மறுகோடியில் யுகாடான் நார்க் கற்றாழைத் தோட்டங்களுக்குக் கிட்டத்தட்ட அடிமைகளாக அனுப்பியது. 1940-ல் அதிபர் கார்டெனாஸ், அணைத் தண்ணீரில் பாதி வரை அவர்களுக்கு என்று ஆணை போட்டார். அந்த ஆற்றுத் தண்ணீரைக் குழாய் போட்டு எர்மோசியோ நகரத்துக்குக் கொண்டுபோனபோது, 2013-ல் அவர்கள் நெடுஞ்சாலையை மறித்துப் போராட வேண்டியிருந்தது. யாக்கிகளின் 'யதார்த்தம்' தண்ணீர், நிலம், பிழைப்பு. உலகத்துக்குத் தெரிந்ததோ, காக்கையாகப் பறக்க வைக்கும் ஒரு கிழவர். இல்லாத யாக்கி இருக்கிற யாக்கியை மறைத்துவிட்டார்.

இரண்டாவது நஷ்டம், நம்பியவர்களுக்கு. தொண்ணூறுகளில் காஸ்டனேடா, பண்டைய மெக்சிக மந்திரவாதிகளின் அசைவுகள் என்று ஒரு பயிற்சியைக் கட்டணம் வாங்கிக்கொண்டு கற்றுக்கொடுக்க ஏற்பாடு செய்தார். உள்வட்டத்தில் சேர்ந்தவர்கள் குடும்பத்தை அறுத்துக்கொண்டு, பெயரையும் மாற்றிக்கொண்டார்கள் என்று உடனிருந்தவர்கள் பிற்பாடு எழுதினார்கள். ஞானி சாகமாட்டார், உணர்வு குன்றாமல் நெருப்பாகி மறைவார் என்பது போதனை. 1998 ஏப்ரலில் காஸ்டனேடா கல்லீரல் புற்றுநோயில் இறந்தார், எல்லோரையும் போல. அதையொட்டி அவருக்கு நெருக்கமான ஐந்து பெண்கள் காணாமல் போனார்கள். ஒருவருடைய கார் டெத் வேலி பாலைவனத்தில் அநாதையாக நின்றது. 2003-ல் அங்கே எலும்புகள் கிடைத்தன. 2006-ல் மரபணுச் சோதனை, அவை அந்தப் பெண்ணுடையவைதான் என்றது.

'எல்லாமே அவரவர் பார்வை' என்று அந்தப் பெண்ணைப் பெற்றவர்களிடம் போய்ச் சொல்லிப் பாருங்களேன்.

இவ்வளவுக்குப் பிறகும், 2008-ல் அதே பல்கலைக்கழகப் பதிப்பகம் முதல் புத்தகத்துக்கு நாற்பதாம் ஆண்டுப் பதிப்பு போட்டது. கொடுத்த டாக்டர் பட்டத்தையும் பல்கலைக்கழகம் திரும்ப வாங்கவில்லை. விற்கிற சரக்கை யார்தான் கடையிலிருந்து எடுப்பார்கள்?

எனவே, உலகங்கள் எத்தனை வேண்டுமானாலும் இருந்துவிட்டுப் போகட்டும். எனக்கு ஆட்சேபம் இல்லை. உங்களிடம் ஒருவர் இன்னொரு உலகத்துக்கு டிக்கெட் நீட்டினால், இந்த உலகத்து ரசீதைக் கேளுங்கள். 'ரசீது கேக்குறியே, உனக்குப் பக்குவம் பத்தாது' என்று பதில் வந்தால் சந்தோஷமாக எழுந்து வந்துவிடுங்கள்.

பர்ஸோடு.